பூச்சு இல்லாத குழாய்கள்

ஹெலிகாப்டர் எஞ்சின்கள் வேகமாக முன்னேறும் ஆண்டு என்று பத்திரிகைகள் எழுதிக்கொண்டிருந்தன. அந்த முன்னேற்றத்தில் விருத்தாசலத்து எங்கள் பீங்கான் பட்டறைக்குக் கிடைத்த பங்கு, விரல் நீளத்தில் நாற்பது குழாய்கள். எஞ்சினைச் சோதிக்கும்போது வெப்பத்தை அளக்கும் கம்பிகளை அவற்றுக்குள் விடுவார்களாம்.

அதுவரை நாங்கள் செய்தது ஃபியூஸ் கட்டையும் பொம்மையும்தான். வரைபடத்தில் 'பூச்சு கூடாது' என்று இருந்ததைப் பளபளப்புப் பூச்சுத் தொட்டியில் வேலை பார்த்த அக்காவிடம் சொன்னேன்.

"மொட்டையா அனுப்புனா நம்ம ஊரப் பத்தி என்னா நெனைப்பாங்க?" என்று சொல்லிவிட்டு, நாற்பதையும் முக்கி எடுத்துவிட்டார். சூளையிலிருந்து வெளியே வந்தபோது அவை முத்துப்போல மின்னின. நானும் வாயை மூடிக்கொண்டு பெட்டியில் அடுக்கினேன்.

சோதனைச் சூட்டில் பூச்சு உருகிக் கம்பிகளோடு ஒட்டிக்கொண்டது. கடுமையான கடிதம் வந்தது. அக்காமேல் எரிந்து விழுந்தேன். வரைபடத்தைப் படித்துவிட்டும் பேசாமல் அடுக்கியவன் நீதானே என்று யாரும் கேட்கவில்லை. இரண்டாவது முறை பூச்சில்லாமல் அனுப்பினோம், தேறிவிட்டன.

தேர்தல் சமயத்தில் ஒரு ஹெலிகாப்டர் பட்டறைக்கு மேலே தாழப் பறந்தது. எல்லோரும் வெளியே ஓடி வந்து கையாட்டினோம். நம் குழாய்கள் சோதனைக்கூடத்தோடு சரி என்று தெரிந்தும் எனக்குப் பெருமை தாங்கவில்லை.

அக்கா அண்ணாந்து பார்த்துவிட்டுச் சொன்னார்: "நல்லவேள, நம்ம மொட்டக் குழா வெளிய தெரியல."