ஆறாவது கை

வெள்ளைக்காரன் ஆட்சி நடந்த காலம். நான் கல்யாணமாகிச் செல்லூரில் இருந்தேன். வீட்டுக்காரருக்குத் தறி வேலை. ஒரு நாள் மத்தியானம் என்னைப் பெற்ற அய்யா, வாடிப்பட்டிப் பக்கத்தில் இருக்கிற எங்கள் ஊரிலிருந்து சொல்லாமல் கொள்ளாமல் வந்து நின்றார். கக்கத்தில் மாற்று வேட்டி இருந்தது.

"பேத்தியப் பாக்கணும்னு தோணுச்சு. ரெண்டு நாள் இருந்துட்டுப் போறேன்" என்றார்.

அறுப்பு நேரத்தில் வயலை விட்டு வருகிற மனுசர் இல்லை அவர். எனக்கு விஷயம் தெரியும். மறுநாள் ஊரில் பஞ்சாயத்துப் போர்டு கூட்டம். தலைவரைப் பதவியிலிருந்து இறக்குவதற்கென்றே கூட்டிய கூட்டம். தலைவர் என் அம்மாவின் அண்ணன், எனக்கு மாமா. அவரை இறக்க வேண்டும் என்று எழுதிக் கொடுத்தவர் அய்யாவின் சொந்தத் தம்பி, என் சித்தப்பா. அய்யாவும் அந்தப் போர்டில் ஒரு மெம்பர்.

சண்டை இரண்டு தெருவிளக்கால் வந்தது. சேரிக் கிணற்றுக்குப் போகிற பாதையில் இருட்டில் பாம்பை மிதித்து ஒரு பெண் செத்துப்போனாள். மாமா உடனே எங்கள் தெருவில் நின்ற இரண்டு மண்ணெண்ணெய் விளக்குக் கம்பங்களைப் பிடுங்கி அந்தப் பாதையில் நட்டுவிட்டார். "அப்ப நம்ம தெரு இருண்டு கெடக்கணுமாக்கும்" என்று சித்தப்பா ஆள் சேர்த்தார். தம்பி நீட்டிய காகிதத்தில் அய்யாவும் மறுக்க முடியாமல் கையெழுத்துப் போட்டார். போட்ட பிறகு மனசு கேட்கவில்லை. ரயிலேறிவிட்டார்.

சொந்தத்துக்குள் தகராறு வந்தால் எங்கள் பக்கத்தில் அப்படித்தான். இரண்டு தரப்புக்கும் வேண்டியவர் வெளியூர் போய்விடுவார். யாரும் தப்பாக எடுத்துக்கொள்வதில்லை.

விளக்கு வைக்கிற நேரத்துக்கு மாமா வந்து கதவைத் தட்டினார். காலெல்லாம் புழுதி. நான் செம்பில் தண்ணீர் கொடுத்துவிட்டு அடுப்படிக் கதவுக்குப் பின்னால் போய் நின்றுகொண்டேன்.

"என்ன மாப்ள, நாளைக்குக் கூட்டம்னு மறந்துபோச்சா?"

அய்யா அவர் முகத்தைப் பார்க்கவில்லை. "எனக்கு எதுக்கு மச்சான் அது. நான் ஒங்க பக்கமும் இல்ல, அவன் பக்கமும் இல்ல. அதான் இங்கிட்டு வந்துட்டேன்."

"யாரு சொன்னா? நீ இங்க ஒக்காந்திருந்தா என் பக்கந்தான்."

பிறகு மாமா விதியைச் சொன்னார். போர்டில் ஒன்பது பேர். தலைவரை இறக்க ஆறு கை வேண்டும். வந்திருக்கிறவர்களில் இத்தனை பேர் என்ற கணக்கில்லை. மொத்த மெம்பர்களில் ஆறு. வராதவர், கையைத் தூக்காதவர் மாதிரிதான்.

"நீ இல்லாம ஒன் தம்பிகிட்ட அஞ்சு பேருதான். நீ இங்க பேத்தியக் கொஞ்சிக்கிட்டு இரு, நான் அங்க செயிச்சிருவேன்."

அய்யாவுக்கு முகம் செத்துப்போனது. எனக்கு எப்படித்தான் வாய் வந்ததோ, உள்ளிருந்தபடியே கேட்டுவிட்டேன். "அப்ப அய்யா வராம இருந்தா ஒங்களுக்கு நல்லதுதான மாமா?"

"நல்லதுதான் ஆத்தா. ஆனா தங்கச்சி புருசன ரயிலேத்திவிட்டுப் பதவியக் காப்பாத்திக்கிட்டான்னு ஊரு பேசும். அந்த வெளக்கு ரெண்டையும் மறுநாளே பிடுங்கிப்புடுவாய்ங்க." அய்யா பக்கம் திரும்பினார். "கையெழுத்துப் போட்டேல்ல மாப்ள. வந்து கையத் தூக்கு, இல்ல தூக்காம இரு. எதுன்னாலும் எல்லாரு முன்னாடியும் செய்யி. ஒளிஞ்சு கெடந்து என்னைய செயிக்க வைக்காத."

வீட்டுக்காரர் தறியை விட்டு எழுந்து வந்தார். "மொதல்ல சாப்புடுங்க. எறக்குறது ஏத்துறதெல்லாம் காலையில பாத்துக்கலாம்."

காலை ரயிலில் நானும் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு அவர்களோடு போனேன். வழியெல்லாம் மாமா வைக்கோல் விலையைப் பற்றியும் மாட்டைப் பற்றியும் பேசினார். யாருக்குக் கை தூக்கப் போகிறாய் என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. அதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு ஆச்சரியமாக இருக்கிறது.

பள்ளிக்கூடத்தில் கூட்டம். அரைச்சுவருக்கு வெளியே பொம்பளைகளோடு நின்றேன். கூட்டத்தை நடத்த வந்திருந்த அதிகாரி தீர்மானத்தைப் படித்துவிட்டு, சம்மதிக்கிறவர்கள் கையைத் தூக்கலாம் என்றார். ஐந்து கை எழுந்தது. அய்யாவின் கை இரண்டும் முழங்காலில் இருந்தன.

"அண்ணே, கைய" என்றார் சித்தப்பா.

அய்யா எழுந்தார். "கையெழுத்துப் போட்டது நெசம். அது ஒனக்காகப் போட்டது. வெளக்கு அங்க நிக்கிறதுதான் சரி. தூக்க மாட்டேன்." என்று சொல்லி உட்கார்ந்துவிட்டார்.

தீர்மானம் தோற்றது என்று அதிகாரி சொன்னார். அய்யா செல்லூரிலேயே இருந்திருந்தாலும் அதே ஐந்துதான். மாமாவுக்கு அது முதல் நாளே தெரியும். யாரோ கொண்டுவந்த மாலையை அவர் வாங்கிக்கொள்ளவில்லை. அதிகாரியை வழியனுப்பப் போய்விட்டார்.

வெளியே வந்த சித்தப்பா அய்யாவை மறித்தார். "நீ செல்லூர்லயே கெடந்திருந்தா, பாவம் பயந்துட்டான்னு விட்டிருப்பேன். வந்து ஒக்காந்துல்ல தூக்க மாட்டேன்னுட்ட."

"ஆமா. அதுக்குத்தான் வந்தேன். கோவப்படணும்னா படு. வீட்ல சோறு இருக்கு, தின்னுட்டுப் படு."

அன்றைக்குச் சித்தப்பா சாப்பிட வரவில்லை. தீபாவளிக்குத்தான் வந்தார், இருண்டு கிடந்த எங்கள் தெருவில் கையில் அரிக்கேன் விளக்கோடு. கிணற்றுப் பாதைக் கம்பங்களை மட்டும் அவரோ அவர் ஆட்களோ தொடவே இல்லை.