அக்காவுக்கு வராத மஞ்சள்காமாலை

மூன்று வருடங்களுக்கு முன்பு நடந்தது இது. தாம்பரம் நீதிமன்றத்தில் நான் தனியாக வக்கீல் தொழில் தொடங்கி ஒரு வருடம்கூட ஆகவில்லை. கோவிலம்பாக்கத்தில் எங்கள் தெருவுக்கு மீன் கொண்டுவரும் அக்கா ஒருநாள் காலையில் என் வீட்டுக்கே வந்துவிட்டார். கடற்கரைக் குப்பத்துக்காரர். ஆள் வைத்து ஓட்டும் தன் குட்டியானை சரக்கு வண்டியில் தெருத்தெருவாக மீன் விற்பவர்.

அந்த வண்டியை, வீடு மாற்ற வேண்டும் என்று சொல்லி அவர் தங்கையின் கணவர் வாங்கிப் போயிருக்கிறார். ஆனால் இடித்த வீட்டின் கழிவுகளை ஏற்றிக்கொண்டு போய்ப் பள்ளிக்கரணை சதுப்பு நிலத்தில் கொட்டியிருக்கிறார். வனத்துறையினர் வண்டியைப் பிடித்துவிட்டார்கள். அதை ஏன் பறிமுதல் செய்யக் கூடாது என்று விளக்கம் கேட்டு அக்காவுக்கு நோட்டீஸ் வந்திருந்தது.

தனக்குத் தெரியாமல் நடந்தது என்று உரிமையாளர் நிரூபித்தால் வண்டி தப்பிக்க வழி உண்டு. ஒழுங்காகப் பதில் எழுதியிருந்தாலே போதும். நான் அந்த வனச் சட்டத்தைப் புரட்டிக்கூடப் பார்க்கவில்லை. விபத்து, திருட்டு வழக்குகளில் வண்டியை மீட்பதுபோல மாஜிஸ்திரேட் கோர்ட்டில் ஒரு மனு போட்டேன். பத்தே நாளில் வண்டி வந்துவிடும் என்று அக்காவிடம் சொன்னேன்.

வாய்தா மேல் வாய்தா. ஒவ்வொன்றுக்கும் வியாபாரத்தை விட்டுவிட்டு வந்து கோர்ட்டில் நின்றார். நடுவில், வண்டி பறிமுதல் என்ற உத்தரவு தபாலில் வந்தது. அதையும் என்னிடம் கொண்டுவந்து கொடுத்தார். படிக்காமல் ஃபைலில் செருகி வைத்தேன்.

கடைசியில், பறிமுதல் உத்தரவு வந்த பிறகு தனக்கு அதிகாரமில்லை என்று மாஜிஸ்திரேட் மனுவைத் தள்ளினார். அன்றுதான் அந்த உத்தரவைப் படித்தேன். முப்பது நாளுக்குள் மாவட்ட நீதிமன்றத்தில் அப்பீல் செய்யலாம் என்று அதிலேயே எழுதியிருந்தது. கெடு முடிந்து மூன்று வாரம் ஆகியிருந்தது.

தாமதத்தை மன்னிக்கக் கேட்கும் மனுவில் காரணம் சொல்ல வேண்டும். என் கவனக்குறைவு என்று எழுதக் கை வரவில்லை. பலரும் எழுதுவதுபோல, மனுதாரர் மஞ்சள்காமாலையில் படுத்திருந்தார் என்று எழுதினேன். படித்துக் காட்டியபோது அக்கா நிமிர்ந்து பார்த்தார்.

"எனக்கு எப்ப சார் காமாலை வந்துச்சு?"

இதெல்லாம் வழக்கம்தான் என்று சொல்லிச் சத்தியப் பிரமாணத்தில் கையெழுத்து வாங்கினேன்.

மாவட்ட நீதிமன்றத்தில் அரசு வக்கீல் அதிகம் பேசவில்லை. காமாலை என்று நான் எழுதிய அதே நாட்களில் அக்கா தாம்பரம் கோர்ட்டில் ஆஜராகியிருந்த பதிவை எடுத்து நீட்டினார். நீதிபதி அக்காவைக் கூப்பிட்டு, சத்தியம் செய்துவிட்டுப் பொய் சொல்கிறாயா என்று கேட்டார். அக்கா என்னைப் பார்த்தார். நான் கையிலிருந்த காகிதத்தைப் பார்த்தேன். மனு தள்ளுபடியானது.

வெளியே வந்ததும், ஹைகோர்ட்டுக்குப் போகலாம், ஃபீஸ் வேண்டாம் என்றேன். அக்கா அதைக் காதிலேயே வாங்கவில்லை.

"வண்டி போனா போவுது சார். அத்தினி பேரு எதிர்ல என்னிய பொய்க்காரின்றாங்கோ. நீங்க பக்கத்துலயேதான நின்னுகினு இருந்தீங்க" என்றார். குரல்கூட உயரவில்லை.

அதன் பிறகு எங்கள் தெருவுக்கு அவர் வரவில்லை. மேடவாக்கம் பக்கம் கூடையில் விற்கிறார் என்று கேள்விப்பட்டு, ஹைகோர்ட் மனுவைத் தயார்செய்து எடுத்துக்கொண்டு போனேன். மீன் வெட்டிக்கொண்டிருந்தவர், "வேணாம் சார்" என்று மட்டும் சொல்லிவிட்டு அடுத்த ஆளுக்கு எடை போட்டார். வண்டி ஏலத்தில் போய்விட்டதென்று பிறகு தெரிந்தது.

சதுப்பு நிலத்தைக் காக்கும் சட்டத்தில் தவறில்லை. அக்கா போன்றவர்கள் தப்பிக்கவும் அதில் வழி வைத்திருந்தார்கள், அதை அடைத்தவன் நான். இப்போது எனக்கு வழக்குகள் நிறைய வருகின்றன, ஜெயிக்கவும் செய்கிறேன். ஆனாலும் யாராவது என்னை நல்ல வக்கீல் என்று சொன்னால், தவறு என்னுடையது என்று வாய் திறக்காமல் நின்ற அந்த அரை நிமிடம் ஞாபகம் வந்து உடம்பு கூசிப்போகிறது.