இலைப் பாவாடை வாடகைக்கு இல்லை

திண்டுக்கல்லில் நான் நாடக உடை வாடகைக் கடை நடத்துகிறேன். முண்டாசு, வேல், ராணிக்குக் கிரீடம், சம்மனசுக்கு இறக்கை, எமனுக்கு மீசை எல்லாம் என்னிடம் கிடைக்கும். கிடைக்காதது பொறுமை மட்டும்தான். நன்றாக இருந்த சட்டையைக் கிழித்துக் கொண்டுவந்து, "முன்னாடியே கிழிஞ்சுதான் இருந்துச்சு" என்று சாதிக்கும் ஆசிரியர்களோடு நான் மல்லுக்கட்டாத ஆண்டு விழா சீசன் கிடையாது. அந்த மாதங்களில் என் கணவர் கடைப் பக்கமே தலைகாட்ட மாட்டார்.

கடையில் அதிகமாக வெளியே போகும் சரக்கு காட்டுவாசி செட். பச்சைப் பிளாஸ்டிக் இலைப் பாவாடை, கோழி இறகு சொருகிய தலைப்பட்டை, எலும்பு மாலை, முகத்தில் பூசிக்கொள்ள ஒரு டப்பா கறுப்பு மை. எந்தப் பள்ளிக்கூட விழாவாக இருந்தாலும் அதில் ஒரு காட்டுவாசி நடனம் இருந்தே தீரும். பிள்ளைகள் ஈட்டியைத் தூக்கிக்கொண்டு "ஓங்கா ஓங்கா" என்று குதிப்பார்கள். கூட்டம் விசிலடிக்கும்.

போன வருடம் ஊருக்குக் கிழக்கே உள்ள ஒரு பள்ளியிலிருந்து சமூக அறிவியல் ஆசிரியர் ஒருவர் வந்தார். சின்ன வயது, பேச ஆரம்பித்தால் நிறுத்தத் தெரியாத பையன். நடனம் இல்லை, நாடகமாம். அவரே எழுதியது.

"தென் அமெரிக்கக் காட்டுல நடந்த கதைக்கா. சைக்கிள், கார்னு வந்ததும் உலகம் பூரா ரப்பர் தேடுச்சு. மரத்தைக் கீறிப் பால் எடுக்கணும். அந்தக் காட்டுல காலங்காலமா இருந்த சனங்களை, துப்பாக்கியைக் காட்டி அடிமையாக்கிட்டாங்க. எடை கொறஞ்சா சவுக்கடி. ஓட்டை போட்ட கட்டையில, தொழுமரத்துல, காலை மாட்டிப் பட்டினி போடுறது. புருசன் ரப்பரோட திரும்பி வார வரைக்கும் பொண்டாட்டி புள்ளைகளைப் பிடிச்சு வச்சுக்கிருவாங்க. ஓடுனா வேட்டையாடுவாங்க."

நான் ஆர்டர் நோட்டை எடுத்தேன். "சரி தம்பி, என்னென்ன வேணும்?" என்றேன்.

"துரைமாருக்குத் தொப்பி, பூட்சு, சவுக்கு. மத்த எல்லாருக்கும் காட்டுவாசி செட்டு."

எழுதி வைத்துக்கொண்டேன். சனிக்கிழமை அளவு பார்க்கப் பிள்ளைகளை அழைத்து வந்தார்.

கூடவே ஒரு அம்மாவும் வந்திருந்தாள். சிறுமலை அடிவாரத்துப் பளியர் பழங்குடிக் குடும்பம். சாணார்பட்டிப் பக்கம் மல்லிகைத் தோட்டங்களில் பூப் பறிக்கிறவள். அவள் மகள் எட்டாம் வகுப்பு. அந்தக் குடும்பத்திலிருந்து இவ்வளவு தூரம் படிக்க வந்த முதல் பிள்ளை. நாடகத்தில் முக்கியமான வேடம் அவளுக்குத்தான், பிடித்து வைக்கப்பட்ட பெண்ணாக. நல்ல கணீர்க் குரல் என்று ஆசிரியர் சொன்னார்.

மற்ற பிள்ளைகள் பாவாடையைக் கட்டிக்கொண்டு வந்து கண்ணாடி முன்னால் ஆட்டம் போட்டார்கள். இவள் மட்டும் உடை மாற்றும் திரைக்குப் பின்னாலிருந்து வெளியே வரவில்லை. திரையை விலக்கினால், பள்ளிச் சீருடையோடு அப்படியே நிற்கிறாள். இலைப் பாவாடை மடித்தபடி கையில் இருந்தது. கண்ணில் தண்ணீர்.

"என்னாத்தா? எலாஸ்டிக் பத்தலையா?"

"என்னைக் கிளாஸ்ல அப்பிடித்தான் கூப்புடுறாங்க" என்றாள்.

"எப்பிடி?"

வெளியே துரைத் தொப்பியைச் சாய்த்து வைத்து அழகு பார்த்துக்கொண்டிருந்த பையனைக் கண்ணால் காட்டினாள். "காட்டுவாசின்னு. அவன்தான் ஆரம்பிச்சான். இதக் கட்டிக்கிட்டு மேடை ஏறுனா ஊரே கூப்புடும்."

அம்மா காதில் இது விழுந்தது. அவள் கத்தவில்லை, அழவில்லை. மகளின் கையைப் பிடித்துக்கொண்டாள். "வா போவோம். நாடகமும் வேணாம், பள்ளிக்கூடமும் வேணாம். பூப் பறிச்சாலும் பேர் சொல்லித்தேன் கூப்புடுறாக" என்றாள். சும்மா மிரட்டுகிறவள் இல்லை. திங்கட்கிழமை அந்தப் பிள்ளை வகுப்பில் இருக்காது, மல்லிகைச் செடிக்கு நடுவில் இருக்கும் என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

எனக்குக் கோபம் சுர்ரென்று ஏறியது. வாசலை மறித்து நின்றுகொண்டேன்.

"தம்பி, இங்க வாங்க. அந்தச் சனங்க இலைதான் கட்டியிருந்தாங்கன்னு உங்களுக்கு யார் சொன்னா?"

"பொதுவா அப்பிடித்தானக்கா..."

"பொதுவா எல்லாம் எனக்கு வேணாம். படம் இருக்கா?"

போனில் இருந்தது. தேடி எடுத்துக் காட்டினார். பழைய கறுப்பு வெள்ளைப் படம். ஆண்கள் வரிசையாக நிற்கிறார்கள், கழுத்துக்குக் கழுத்து சங்கிலி. நேராக நம்மைப் பார்க்கிறார்கள். ஒருவர் இடுப்பிலும் இலை இல்லை, தலையில் கோழி இறகு இல்லை. இடுப்பில் ஒரு துண்டுத் துணி. மரப்பட்டையைத் தட்டித் தட்டி மெல்லிசாக்கிச் செய்வது என்று ஆசிரியரே படித்திருக்கிறார். பெரிய பெரிய கூரை வீடு கட்டி வாழ்ந்தார்களாம், மரவள்ளித் தோட்டம் போட்டிருந்தார்களாம். இவ்வளவும் தெரிந்த மனிதர் நேரே என் கடைக்கு வந்து இலைப் பாவாடை கேட்கிறார்.

"மரவள்ளியா? எங்க மலையிலயும் கெழங்குதேன்" என்று அந்த அம்மா எட்டிப் பார்த்தாள். படத்தை வெகுநேரம் பார்த்தாள். மகளும் பார்த்தாள்.

"இலை இல்லேன்னா பாக்குறவங்களுக்குப் பழங்குடின்னு எப்பிடிக்கா புரியும்?" என்றார் ஆசிரியர்.

"உங்க கையில பிரம்பு இல்ல. நீங்க வாத்தியார்னு எனக்குப் புரியலையா?"

நான் ஆடிக்கொண்டிருந்த பிள்ளைகளின் இடுப்பிலிருந்து பாவாடைகளை ஒவ்வொன்றாகக் கழற்றி வாங்கினேன். இடுப்புப் பட்டி முழுவதும் ரப்பர் எலாஸ்டிக். ரப்பருக்காக அடிபட்டுச் செத்தவர்களுக்கு ரப்பர் வைத்த இலை! என் கடைச் சரக்குதான், ஆனாலும் கையில் வைத்திருக்கப் பிடிக்கவில்லை.

"இது இனி வாடகைக்கு இல்ல. நான் வேற தச்சுத் தாரேன்" என்றேன்.

அதற்குள் அந்தப் பெண் ஆசிரியர் பக்கம் திரும்பியிருந்தாள். "சார், அவுங்க யாருமே எதுத்துக்கிரலையா?"

"எதுத்தாங்கம்மா. ஓடிப்போனாங்க. துப்பாக்கியப் பறிச்சுச் சண்டை போட்டவங்ககூட உண்டு."

"அப்ப நாடகத்துல ஏன் சார் நாங்க அழுதுக்கிட்டே இருக்கோம்?"

ஆசிரியர் தலையைச் சொறிந்தார். நான் அந்த அம்மாவைப் பார்த்தேன். மகளைப் பிடித்திருந்த கை தளர்ந்திருந்தது. "செஞ்சு பாக்கட்டும்" என்றாள். "ஆனா நான் உள்ள வந்து உக்கார மாட்டேன்க்கா. இந்தப் புள்ளையோட ஆத்தா யாருன்னு நாலு பேரு திரும்பிப் பாப்பாக. வாசக் கேட்டுப் பக்கம் நின்னு பாத்துக்கிறேன். அங்கயும் சிரிச்சாகன்னா அம்புட்டுத்தேன், கையோட கூட்டிக்கிட்டுப் போயிருவேன்."

காடாத் துணி வாங்கி, டீத்தூள் தண்ணீரில் ஊறவைத்துக் காயப்போட்டேன். அசல் மரப்பட்டை நிறம் வந்தது. பெண்பிள்ளைகளுக்கு முழங்காலுக்குக் கீழே வரும்படி கவுன், பையன்களுக்கு வேட்டித் துண்டு. மை டப்பாவைக் கொடுக்கவில்லை. அவரவர் முகத்தோடு போகட்டும் என்றேன்.

விழாவன்று நானும் போனேன். என் துணியைப் பார்க்கத்தான் என்று கணவரிடம் சொன்னேன், உண்மையில் பயம். முன்வரிசையை விட்டுவிட்டு, கேட்டுக்குப் பக்கத்தில் அந்த அம்மாவோடு போய் நின்றுகொண்டேன். பூக் கூடை நார் இன்னும் அவள் கையில் சுற்றியிருந்தது.

திரை விலகியது. மேடையில் காடு என்றதும் பழக்கதோஷத்தில் யாரோ "ஓங்கா" என்று ஆரம்பித்தார்கள். அம்மா மேடையைப் பார்த்து ஓரடி எடுத்து வைத்தாள். பழுப்புத் துணியில், மை பூசாத முகங்களோடு, கழுத்துச் சங்கிலியோடு பிள்ளைகள் வரிசையாக வந்து நின்றார்கள். நம் வீட்டுப் பிள்ளைகள் மாதிரியேதான் இருந்தார்கள், நம் பிள்ளைகள்தானே. ஓங்கா சத்தம் பாதியில் நின்றது.

துரை வேடத்துப் பையன் சவுக்கைச் சுழற்றிக்கொண்டு வந்தான். வசனத்தில் உள்ளதுதான், ஆனால் வகுப்பில் சொல்லிப் பழகிய நாக்கு, சரளமாக வந்தது. "ஏய் காட்டுவாசி! உன் புருஷன் கொண்டுவர வேண்டிய ரப்பர் எங்கே?"

அந்தப் பெண் தலைகுனிந்து கும்பிட வேண்டும். குனியவில்லை. அவனை நேராகப் பார்த்தாள், அந்தப் படத்தில் இருந்தவர்கள் பார்த்த மாதிரி.

"எனக்குப் பேரு இருக்கு" என்றாள்.

சொன்னாள். வேடத்தின் பெயரை அல்ல, தன்னுடைய பெயரை. முழுப் பெயரும், அப்பா பெயரோடு, மைக் தேவையில்லாத அந்தக் குரலில். அதை நான் இங்கே எழுதப்போவதில்லை. அது அவள் சொல்லிக் கேட்க வேண்டியது. பையனுக்கு அடுத்த வசனம் மறந்துபோனது. சவுக்கு தொங்கிவிட்டது. திரையோரத்தில் ஆசிரியர் வாயைப் பிளந்துகொண்டு நின்றார். பிறகு கைதட்டல் கிளம்பியது, நான் வெட்கமில்லாமல் அழுதேன்.

அந்தக் காட்டுவாசி செட்டெல்லாம் கிறிஸ்துமசுக்கு எங்கள் மாதா கோயில் குடிலுக்குக் கூரையாகப் போய்விட்டது. இப்போதும் பள்ளிக்கூடங்களிலிருந்து கேட்டு வருகிறார்கள். இல்லை என்று சொல்லிவிடுகிறேன், ஏன் என்றால் உட்காரவைத்துக் கதையும் சொல்கிறேன்.

அந்த விழாவன்று கேட்டருகே நின்ற ஒரு பெரியவர், "யாரு வீட்டுப் புள்ள அது?" என்று பொதுவாகக் கேட்டார். நான் வாயைத் திறப்பதற்குள் அந்த அம்மா கையிலிருந்த நாரை இடுப்பில் செருகிக்கொண்டு முன்னால் போனாள்.

"எம் மக" என்றாள். பிறகு காலி நாற்காலி ஒன்றைப் பார்த்து உள்ளே போய் உட்கார்ந்தாள்.