மரவட்டை கடிக்காது

நிலாவெளியில் மழை விட்ட ஒரு மத்தியானம், மகனைக் கூட்டிவரப் பாலர் பாடசாலைக்குப் போனேன். அவனுடைய கால்விரல்கள் சூடு பட்டதுபோலக் கறுத்துக் கிடந்தன. எனக்குக் கண்மண் தெரியாத கோபம். வாசலில் நின்ற தாய்மார் எல்லாரும் பார்த்துக்கொண்டிருக்க, "என்ர பிள்ளைக்குச் சூடு வைச்சனீங்களோ? நீங்கள் ஒரு ரீச்சரோ?" என்று கத்தினேன்.

ரீச்சர் வாசலில் கிடந்த அவனுடைய சப்பாத்தை எடுத்துப் படியில் தட்டினார். நசுங்கிய மரவட்டை ஒன்று விழுந்தது.

"பூரானெண்டால் கடிச்சிருக்கும். இது கடிக்காது. நசுங்கினால் ஒரு நீர் விடும். அது பட்ட தோல் இப்பிடித்தான் கறுக்கும்" என்றார். பிறகு என்னை நேராகப் பார்த்தார். "பிள்ளை காலமை ஒண்டும் சொல்லேல்லையோ?"

சொன்னான். "அம்மா, உள்ளுக்குள்ள என்னவோ கிடக்கு" என்று அழுதான். பஸ் போய்விடும் என்று அதட்டி, அந்தக் காலைச் சப்பாத்துக்குள் திணித்துப் பட்டியை இறுக்கியவள் நான்தான்.

ரீச்சரிடம் மன்னிப்புக் கேட்டேன். அதற்குள் தாய்மாரில் பாதிப்பேர் போய்விட்டிருந்தார்கள். நான் கத்தியதை மட்டும் கேட்டுக்கொண்டு போனவர்களில் இரண்டு பேர் மறுநாள் பிள்ளைகளை அனுப்பவில்லை.

இன்றைக்கும் மகனுக்குச் சப்பாத்துப் போட்டுவிடும்போதெல்லாம், என் கைகளைப் பார்க்க எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.