நூர் பீவி பார்த்துச் சொன்ன ஆட்டம்

நூர் பீவி கூடத்தில் செய்தித்தாளை விரித்து முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். அவசரக்காரர்கள் கொத்தை அப்படியே உருவிப் போட்டுவிடுவார்கள். இவள் வீட்டில் அது நடக்காது. கீரையில் ஒரு காம்பு தட்டுப்பட்டாலும் ஜான் பாஷா அதைத் தட்டின் ஓரத்தில் எடுத்து வைத்து, "இது இன்னா, தொடப்பமா?" என்று கேட்பார். அதனால் இருபத்தேழு வருஷமாக இலை இலையாகக் கிள்ளித்தான் போடுகிறாள்.

கேட்கிறவர் இப்போது எதிரே கட்டிலில் படுத்திருந்தார். இடது காலில் முழங்கால் வரைக்கும் மாவுக்கட்டு. கடையில் பரண் மேலிருந்து கரடி பொம்மை எடுக்க ஏணியில் ஏறி, கரடியோடு கீழே வந்தவர். கரடிக்கு ஒன்றும் ஆகவில்லை.

"அந்த ஆளு மூணு மணிக்கு வரேன்னாரு. மணி இன்னா இப்ப?"

"பக்கத்துச் செவுத்துலதான கடியாரம் மாட்டிக்கீது."

"திரும்புனா வலிக்குது நூரு."

"ரெண்டே முக்கா."

வரப்போகிறவர் அறிவுச்செல்வன். சென்னையில் இருக்கும் ஒரு விளையாட்டுச் சாமான் கம்பெனியின் ஏஜெண்டு. அவர் எதற்கு வீடு தேடி வருகிறார் என்று சொல்வதற்கு முன்னால் நூர் பீவியின் வேலை என்னவென்று சொல்லியாக வேண்டும். ரேஷன் கார்டில் அவளுக்கு எதிரே இல்லத்தரசி என்று இருக்கிறது. அதில் பாதிதான் உண்மை.

உளுந்தூர்பேட்டை பஸ் ஸ்டாண்டுக்கு எதிர்ச்சந்தில் ஜான் ஃபேன்ஸி ஸ்டோர் என்று கேட்டால் யாரும் காட்டுவார்கள். பொம்மை, பேனா, வளையல், கல்யாணத்துக்குக் கொடுக்கிற கடிகாரம் எல்லாம் கிடைக்கும். தியாகதுருகத்திலிருந்து வாழ்க்கைப்பட்டு வந்த நூர் பீவி அந்தக் கடைக்குள் நின்றது ஐந்தாறு தடவை இருக்கலாம், அதுவும் ரம்ஜானுக்குத் துணி எடுக்கப் போகிற வழியில். ஆனால் அந்தக் கடையில் விற்கிற பொம்மைகளில் அவள் கை படாதது ஒன்றுகூட இல்லை.

கல்யாணமான இரண்டாம் வருஷம் அது தொடங்கியது. சாவி கொடுத்தால் மேளம் தட்டுகிற குரங்கு ஒன்றை ஜான் பாஷா பெருமையாக வீட்டுக்குக் கொண்டுவந்தார். அவள் சாவியைத் திருகி, குரங்கைக் காதோரம் வைத்துக் கேட்டாள். "உள்ள பல்லெல்லாம் பிளாஸ்டிக்கு. நாலு நாளு தாங்காது" என்றாள். அவர் சிரித்துவிட்டுப் பெட்டி பெட்டியாக இறக்கினார். அடுத்த வாரம் கை தொங்கிய குரங்குகளை ஏந்திக்கொண்டு ஊரே கடை வாசலில் நின்றது. அன்றிலிருந்து எந்த சாம்பிள் வந்தாலும் முதலில் வீட்டுக்கு வரும்.

அவளுக்கென்று ஒரு முறை உண்டு. முதலில் முகர்ந்து பார்ப்பாள். பெயின்ட் வாடை அடித்தால் தள்ளிவிடுவாள். கட்டில் உயரத்திலிருந்து கீழே போடுவாள். ஆட்டப் பலகை என்றால் இருபது தடவை மடித்து விரித்து மடிப்பில் வெள்ளை தெரிகிறதா என்று பார்ப்பாள். பிறகு விதி. விதியை ஒரே மூச்சில் சொல்ல முடிய வேண்டும். கடைசியாக, தோற்ற பிள்ளை இன்னொரு ஆட்டம் என்று கேட்குமா, பலகையைக் கலைத்துவிட்டு எழுந்து போகுமா என்பது. வெள்ளிமலையில் கடை வைத்திருக்கும் சின்னக்கண்ணு மாதம் ஒரு நாள் இறங்கிவந்து சரக்கு எடுத்துப் போவார். பழுதானால் திருப்பித் தர மறுபடியும் மலை இறங்க வேண்டும். அந்த மனிதரை அவள் பார்த்ததில்லை. ஆனாலும் பேட்டரி போட்ட எதைப் பார்த்தாலும் "மலைக்குத் தராதீங்க" என்பாள்.

முடிவில் ஒரே வார்த்தைதான். ஓடும், அல்லது ஓடாது. மறுநாள் ஜான் பாஷா ஏஜெண்டுகளிடம், "நல்லா யோசிச்சுப் பார்த்தேன் சார், இது நம்ம ஊருக்கு ஓடாது" என்பார். ஒரு தடவை போனில் அப்படிச் சொன்னதை அடுக்களையிலிருந்து அவளே கேட்டாள். அப்போது அது பெரிதாகப் படவில்லை. கடையில் உட்கார்ந்திருக்கிறவர்தானே கடைப் பேச்சைப் பேச வேண்டும்.

போன வாரம்தான் பட்டது. அறிவுச்செல்வன் போனில் கூப்பிட்டார். 'மாடி போர்ஷன்' என்று டிவியில் ராத்திரி ராத்திரி வருமே, கீழே வீட்டுக்காரர், மேலே குடித்தனக்காரர், எந்நேரமும் சண்டையும் சிரிப்புமாக ஒரு தொடர், அதை வைத்துக் கம்பெனி ஒரு ஆட்டம் செய்திருக்கிறது. அச்சுக்குப் போவதற்கு முன் ஜில்லாவுக்கு ஒருவர் ஆடிப் பார்த்துக் குறை நிறை சொல்ல வேண்டும். சொன்னவர் பெயரைப் பெட்டி மூடியின் உள்பக்கம் அச்சடிப்பார்கள். "உங்க கடையிலேர்ந்து மட்டும் ஒரு பொம்மைகூடத் திரும்பி வரதில்ல பாய். கள்ளக்குறிச்சி ஜில்லாவுக்கு நீங்கதான்."

ஸ்பீக்கரில் போட்டிருந்தார் ஜான் பாஷா. "வாங்க சார், நானே பார்த்துச் சொல்லிடறேன்" என்றார். அலமாரி துடைத்துக்கொண்டிருந்த நூர் பீவியின் கை ஒரு நொடி நின்று, மறுபடி துடைத்தது.

மருமகள் மஹ்ஜபீனிடம் மட்டும் அன்றைக்குச் சொன்னாள். "அந்த மூடியில என் பேரு வந்தா யாருக்கு இன்னா கொறைஞ்சுபூடும்?"

"மாமாகிட்ட கேளுங்க மாமி."

"கேட்டு வாங்கறதா அது? அவராத் தோணிச் சொல்லணும்."

மூன்று மணிக்குச் சரியாக அறிவுச்செல்வன் படியேறி வந்தார். கையில் வழவழவென்று ஒரு பெட்டி. ஜான் பாஷாவின் காலைப் பார்த்து வருத்தப்பட்டார். கரடிக் கதையைக் கேட்டுச் சிரித்தார். பெட்டியைத் திறந்து கட்டிலோரம் ஸ்டூலில் பரப்பினார். மாடிப்படி வரைந்த பலகை, அட்டைக் கட்டு, எழுதுகிற சீட்டுகள், நாலு பென்சில், நாலு காய்கள்.

"நாலு பேரு வேணும் பாய். கம்மியா இருந்தா சுவாரசியம் இல்ல."

மகன் ஜுல்பிகர் கடையில் இருந்தான். மஹ்ஜபீன் தேநீரோடு வந்தவள் அங்கேயே உட்கார்ந்தாள். "மாமி, நீங்களும் வாங்க."

"கீரை கிடக்குது."

"கீரை எங்கியும் ஓடிப்போவாது. வாங்க."

நூர் பீவி முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு கீரைத் தட்டோடு சற்றுத் தள்ளி உட்கார்ந்தாள். பழக்கதோஷத்தில் கை முதலில் பலகையைத்தான் எடுத்தது. முகர்ந்தாள், மடித்தாள், விரித்தாள், மடித்தாள். அறிவுச்செல்வன் அதைப் பார்த்துக்கொண்டே விதியைச் சொன்னார். அட்டையில் தொடரிலிருந்து ஒரு கட்டம் இருக்கும். அதற்கு வீட்டுக்காரரோ குடித்தனக்காரரோ என்ன சொல்வார் என்று ஆளுக்கொரு சீட்டில் எழுத வேண்டும். ஒவ்வொரு சுற்றுக்கும் ஒருவர் நடுவர். நடுவர் எழுதக் கூடாது. சீட்டுகளைப் பிரித்துப் படித்து, நல்ல சிரிப்பு எதுவோ அதை எடுக்க வேண்டும். எழுதியவரின் காய் ஒரு படி ஏறும். இப்படிச் சொல்லி முடிக்க அவர் நாலு முறை மூச்சு வாங்கினார். நூர் பீவி எண்ணினாள்.

"மொத நடுவர் நான்" என்றார் ஜான் பாஷா.

"நாங்க இன்னா இல்லன்னா சொன்னோம்" என்றாள் மஹ்ஜபீன்.

அட்டையை எடுத்து அறிவுச்செல்வன் படித்தார். 'மூன்று நாளாகத் தண்ணீர் வரவில்லை என்று குடித்தனக்காரர் கீழே இறங்கி வருகிறார். வீட்டுக்காரர் என்ன சொல்வார்?'

மூன்று பேரும் எழுதி மடித்துப் போட்டார்கள். ஜான் பாஷா முதல் சீட்டைப் பிரித்தார். "'அப்ப நீங்க கீழ வந்துடுங்க, நாங்க மேல போயிடறோம்.' இது எங்க மஹ்ஜபீனு. கடைக்கு லிஸ்ட்டு எழுதறது இவதான், எனக்கா தெரியாது இந்த எழுத்து?" அடுத்ததைப் பிரித்தார். "'மழை வரும்போது வாளி வைங்க.' ம்ம், சுமார்." மூன்றாவதைப் பிரித்தார். வாய்விட்டுப் படிப்பதற்கு முன்பே சிரிப்பு வந்துவிட்டது. "'போன வாரம் பூரா தண்ணி வந்துதே, அப்ப ஒரு வார்த்தை வந்து சொன்னீங்களா?'"

கட்டில் குலுங்கியது. வலியில் காலைப் பிடித்துக்கொண்டும் சிரித்தார். "இதுதான்! இதுதான் வீட்டுக்காரன் பேச்சு! சார், சும்மா சொல்லக் கூடாது, நீங்க தொடருக்கே எழுதலாம்" என்று அறிவுச்செல்வனின் காயை எடுத்து ஒரு படி ஏற்றினார்.

"அது என்னுது இல்லைங்க பாய். நான் வாளி."

நூர் பீவி கையை நீட்டி அந்தக் காயைப் பழைய இடத்தில் வைத்தாள். தன் காயை ஒரு படி ஏற்றினாள்.

"உன்னுதா?" ஜான் பாஷா சீட்டைக் கண்ணுக்குப் பக்கத்தில் கொண்டுபோனார். "உன் எழுத்தா இது?"

மஹ்ஜபீன் பென்சில் முனையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். நூர் பீவி யோசித்துப் பார்த்தாள். அவர் முன்னால் கடைசியாக எதை எழுதினோம்? ஜுல்பிகரின் பள்ளிக்கூட ரிப்போர்ட்டில் கையெழுத்துகூட அவர்தான் போட்டார். அவள் சொன்னதெல்லாம் வாயால் சொன்னது. எழுத்தில் போனதெல்லாம் அவர் கையால் போனது.

"அடுத்த சுத்து. மாமி நடுவர்" என்றாள் மஹ்ஜபீன்.

'வீட்டுக்காரரின் மனைவி ஊருக்குப் போயிருக்கிறார். வீட்டுக்காரர் முதலில் என்ன செய்வார்?' நூர் பீவி மூன்று சீட்டையும் பிரித்து, சிரிக்காமல் ஒரே குரலில் படித்தாள். தொடரைப் போட்டுவிட்டு நிம்மதியாகத் தூங்குவார். மாடி வீட்டுக்குச் சாப்பிடப் போவார். உப்பு டப்பா எங்கே என்று மனைவிக்குப் போன் போடுவார். கடைசிச் சீட்டை எடுத்து வைத்தாள். மஹ்ஜபீனின் காய் ஏறியது.

"அது ஜோக்கா?" என்றார், தூங்குவார் என்று எழுதியிருந்த ஜான் பாஷா. "அது நெசமா நடக்கறது."

"மொதல்ல சிரிச்சது நீங்கதான்" என்றாள் நூர் பீவி.

அறிவுச்செல்வன் இருமுவது போலச் சிரித்தார். இன்னும் நாலைந்து சுற்று போனது. பிறகு அவர் பையிலிருந்து ஒரு படிவத்தை எடுத்தார். "சொல்லுங்க பாய். ஓடுமா?"

ஜான் பாஷா வழக்கம்போல அவள் பக்கம் திரும்பினார். வலிக்கிறது என்று கடிகாரத்துக்குத் திரும்பாத கழுத்து இதற்குத் திரும்பியது. எப்போதும் இந்த இடத்தில் எதிரே ஏஜெண்டு இருக்கமாட்டார்.

நூர் பீவி அறிவுச்செல்வனைப் பார்த்தே சொன்னாள். "இப்படியே போட்டா ஓடாதுங்க."

"ஏம்மா? எல்லாரும் சிரிச்சோமே."

"சிரிப்பு இருக்குது. ஆனா பாதி அட்டை, தொடரு பார்த்தவங்களுக்குத்தான் புரியும். அட்டையில வர தாத்தா யாரு, பூனை யாருதுன்னு நான் மஹ்ஜபீனக் கேட்டேன். மலையில டவரு கிடைக்காத வூட்டுல யாரக் கேப்பாங்க? அந்த அட்டையெல்லாம் தனிக் கட்டா வைங்க. விதிய நாலு மூச்சுல சொன்னீங்க, ஒரு மூச்சுக்குக் கொண்டாங்க. பென்சிலு ரெண்டா வைங்க, எட்டா வைங்க, ஒரு வாரத்துல காணாமதான் பூடும், அதுக்கு ஒண்ணும் பண்ண முடியாது."

அவர் மளமளவென்று எழுதினார்.

"இன்னொண்ணு. எங்க வூடு மாதிரி வூட்டுல ஆம்பள நடுவரா ஒக்காந்தா, புள்ளைங்க அவருக்குப் புடிச்சதத்தான் எழுதும். அவரு ஆடுனா அவரு எழுத்தப் பார்த்து அவரையே ஜெயிக்க வைக்கும். மூணாவது சுத்துல எல்லாருக்கும் கொட்டாவி வந்துடும். அதனால நடுவரு சீட்டத் தொடக் கூடாது. பக்கத்துல இருக்கறவங்க படிக்கட்டும், அவரு காதால கேட்டு எடுக்கட்டும். எழுத்தக் காட்டாதீங்க."

"இத மட்டும் மாத்துனா?"

"மாத்துனா ஓடும். தோத்தவங்க இன்னொரு தடவன்னு கேப்பாங்க. நானே கேப்பேன்."

அறிவுச்செல்வன் படிவத்தின் கடைசிக் கட்டத்துக்கு வந்தார். பேனா நின்றது. கட்டிலைப் பார்த்தார், கீரைத் தட்டைப் பார்த்தார். "பார்த்துச் சொன்னவர் பேருன்னு இருக்குது. மூடியில வரது இதான். யாரு பேரு போடட்டும் பாய்?"

நூர் பீவி கீரையில் கை வைத்துக்கொண்டு காத்திருந்தாள். கிள்ளவில்லை.

ஜான் பாஷா போர்வையின் ஓரத்தை நீவினார். "கடை பேரு போட்டுக்குங்க சார். ஜான் ஃபேன்ஸி. யாரு சொன்னா இன்னா, எல்லாம் ஒரே வூடுதான?"

"கடை பேருக்குத் தனிக் கட்டம் இருக்குது பாய். இது ஆளு பேரு."

"அப்ப... என் பேரு போட்டாதான ஏஜெண்டுங்களுக்குத் தெரியும்?"

நூர் பீவி முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள். "இப்படிக் குடுங்க" என்று படிவத்தையும் பேனாவையும் வாங்கி, ஸ்டூலில் வைத்து எழுதினாள். நூர் பீவி. கீழ்க் கட்டத்தில் கடையின் பெயரையும் எழுதினாள். அதையும் விட்டுவிடவில்லை. எழுத்து கொஞ்சம் சாய்ந்திருந்தது. தண்ணீர்ச் சீட்டில் இருந்த அதே சாய்வு.

அறிவுச்செல்வன் படிவத்தை மடித்துப் பையில் வைத்தார். "ரொம்ப நன்றிம்மா. அச்சானதும் மொதப் பெட்டி உங்களுக்குத்தான்." ஜான் பாஷாவிடமும் சொல்லிக்கொண்டு இறங்கினார். மஹ்ஜபீன் தேநீர் டம்ளர்களை எடுத்துக்கொண்டு வாசல்வரை போனாள்.

கட்டிலில் சீட்டுகள் சிதறிக் கிடந்தன. ஜான் பாஷா ஒன்றை எடுத்து முன்னும் பின்னும் திருப்பிக்கொண்டிருந்தார். நூர் பீவி செய்தித்தாளை நாலு முனையும் சேர்த்துக் காம்புகளோடு மடித்தாள். கீரைத் தட்டை இடுப்பில் வைத்துக்கொண்டாள்.

"ஒண்ணு கேக்கறேன்" என்றாள். "நீங்க படிச்சது நல்ல சீட்டு. சிரிச்சீங்க, கால் வலியோட சிரிச்சீங்க. மூணு பேரு எழுதுனோம். ஒண்ணு மஹ்ஜபீனுதுன்னு தெரிஞ்சுபோச்சு. மீதி ரெண்டு. நல்லா இருந்தது அவருதுதான்னு எப்படி எடுத்தீங்க?"

அவர் சீட்டை மடித்தார். மறுபடி பிரித்தார்.

அடுப்பில் பருப்பு குக்கர் மூன்றாவது விசில் விட்டது. நூர் பீவி கீரைத் தட்டோடு அடுக்களைக்குப் போனாள்.