பலூனுக்கு இடம் விடாதவள்

சுதர்ஷினி படம் வரைந்து சம்பாதிக்கிறாள் என்று சொன்னால் இலங்கை மலையகத்துத் தலவாக்கலையில் யாரும் நம்பவில்லை. பெற்ற தாயே நம்பாதபோது ஊரைக் குறை சொல்லி என்ன செய்ய? வேலாயிக்குத் தெரிந்ததெல்லாம், மகள் உயர்தரம் வரை படித்துவிட்டு, பஸ் நிலையத்துப் பக்கம் நல்லமுத்து டெலிபோனும் இணையமும் வைத்து நடத்துகிற கொமினிகேசன் கடையில் போட்டோக் கொப்பி அடிக்கிறாள் என்பதுதான். அதிலும் பொய்யில்லை. கொப்பி அடித்த நேரம் போக மிச்ச நேரத்தில்தான் அவள் உலகத்துக்குப் படம் வரைந்தாள்.

வரைகிற பைத்தியம் தொண்ணூறுகளில், பள்ளிக்கூடம் போகிற வயதிலேயே பிடித்துவிட்டது. தேயிலைத் தோட்டத்து வரிசை வீடான லயத்தின் சுண்ணாம்புச் சுவரில் கரித்துண்டால் மாடு, ரயில், தோட்டத்துத் தொரை என்று வரைந்து வைத்து வேலாயியிடம் வாங்கிய அடி கொஞ்சமல்ல. "நீ கிறுக்குறதெல்லாம் சொவத்தோட போச்சு. நான் என்னைக்காவது கம்ப்யூட்டர்ல வந்தா, அன்னைக்கு ஒத்துக்கிறேன் நீ வேலதான் பாக்குறன்னு" என்று பிற்காலத்தில் வேலாயி சொன்னாள். கேலியாகத்தான் சொன்னாள். சுதர்ஷினி அதை மனசில் முடிச்சுப் போட்டு வைத்துக்கொண்டாள்.

இரண்டாயிரத்து மூன்றில் இணையத்தில் ஒரு வெள்ளைக்காரன் அகப்பட்டான். தனி ஆளாக ஒரு கணினி விளையாட்டுச் செய்கிறானாம், அதற்குத் தேயிலை மலை வேண்டுமாம். இவளை விட்டால் தேயிலை மலைக்கு வேறு யார்? மலையை வரைந்தாள், லயத்தை வரைந்தாள், தகரம் காற்றில் பறக்காமலிருக்கக் கூரைமேல் வைத்த கல்லையும் விடாமல் வரைந்தாள். கூரை அழகாயில்லை, எடுத்துவிடு என்று பதில் வந்தது. எடுத்தாள். கொழுந்து பறிக்கிற பெண்கள் சிரிக்க வேண்டும் என்றான். அட்டை கடிக்கிற மலையில் எவள் பல்லைக் காட்டிக்கொண்டு நிற்பாள்? தலையெழுத்தே என்று அதையும் செய்தாள். படத்தை அனுப்புவதே பெரும்பாடு. கடையில் ஒரே டெலிபோன் லைன். குவைத்துக்குப் பேச யாராவது வந்து நின்றால் நல்லமுத்து இணையத்தை வெட்டிவிடுவார், பாதி போன படம் பாதியோடு செத்துப்போகும். இப்படி இரண்டு வருஷம் இழுத்தடித்த பிறகு, தனக்கு நல்ல உத்தியோகம் கிடைத்துவிட்டது, விளையாட்டைக் கைவிட்டுவிட்டேன் என்று எழுதிவிட்டு அவன் போய்விட்டான். அவள் வரைந்த மலையை ஒரு குஞ்சு குருமான்கூட விளையாடிப் பார்க்கவில்லை.

அப்புறம் வந்தவன் சஞ்சயன். யாழ்ப்பாணத்துக்காரன், லண்டனில் இருந்தான். அவனுடைய அப்பா ஒரு காலத்தில் தலவாக்கலைக்குக் கிட்டத் திம்புள்ளப் பக்கம் வாத்தியாராக இருந்தவர். இவனும் பத்து வயது வரை வாத்தியார் குவார்ட்டர்ஸில் வளர்ந்தவன். தோட்டத்துச் சனத்தைப் பற்றி இணையத்தில் வாரம் ஒரு பக்கம் சித்திரக் கதை போட வேண்டும், கதை நான், படம் நீர் என்றான். நல்ல மனுஷன்தான், சும்மா சொல்லக் கூடாது. சொன்ன நாளில் காசு அனுப்பினான், அவள் பெயரைத் தன் பெயருக்கு முன்னால் போட்டான். சுதர்ஷினி குளிர்ந்துபோனாள்.

வேலை நடந்த விதம் இதுதான். அவள் தாளில் மையால் வரைந்து, கடையில் ஸ்கேன் பண்ணி அனுப்புவாள். ஆள் பேசுவதை எழுதுகிற வெள்ளை முட்டைக்குப் பலூன் என்று பெயர். அதற்கு அவள் படத்தின் மேலே இடம் விட வேண்டும். லண்டனில் இருந்து சஞ்சயன் அதில் வசனத்தை எழுதுவான்.

முதல் பக்கம் இணையத்தில் வந்த அன்றைக்கே அவளுக்கு வயிறு எரிந்தது. லயத்துப் பொம்பிளைகள் எல்லாரும் யாழ்ப்பாணத்து வாத்தியார் வீட்டு அம்மா மாதிரிப் பேசினார்கள். வாங்கோ, இருங்கோ, என்ர பிள்ளை என்று. பேச்சாவது போகட்டும், பேசியதெல்லாம் ஒரே ஒப்பாரி. தோட்டத்தில் ஒருத்தி வாயைத் திறந்தால் கிண்டல் இல்லாமல் மூடுவாளா? இவன் கதையில் ஒருத்தி சிரிக்கவில்லை. வெள்ளைக்காரன் சிரி என்றான், இவன் அழு என்றான். இரண்டு பேருக்கும் நடுவில் அவள் தலைமயிரைப் பிய்த்துக்கொண்டாள்.

போனில் அவனிடம் சொல்லிப் பார்த்தாள். "அண்ணே, எங்க லயத்துல யாரும் இப்படிப் பேச மாட்டாங்க."

"தங்கச்சி, நீர் வடிவாக் கீறுறீர். கதையை என்னட்ட விடும்" என்றான் சஞ்சயன். "வாசிக்கிற சனம் அழோணும். அப்பத்தான் உங்கட கஷ்டம் வெளியில தெரியும்."

செவிடன் காதில் ஊதிய சங்குதான். அதன்பிறகு சுதர்ஷினி ஒரு வேலை செய்தாள். பலூனுக்கு இடம் விடுவதை நிறுத்தினாள். விட்டால்தானே எழுதுவாய்? மலையில் விழுகிற பனிமூட்டத்தை வெள்ளையாக விட்டால் அதிலும் ஒரு பலூனைக் குந்த வைத்தான். பனியை விட்டுவிட்டு மழையைப் பிடித்தாள், தாளின் மூலை முடுக்கெல்லாம் இலையாக நிரப்பினாள். பலூன்கள் சிறுத்தன, எழுத்துகள் எறும்பாயின. இந்த வாரம் நெருக்கமாகப் போச்சு, கொஞ்சம் இடம் விடும் என்று சஞ்சயன் பணிவாகவே எழுதினான். அவள் இன்னும் நாலு செடியைச் சேர்த்து வரைந்தாள்.

இரண்டாயிரத்து ஆறில்தான் வேலாயிக்கு நேரம் வந்தது. ஒரு மழை நாளில் கொழுந்து நிறுக்கிற இடத்தில், தண்ணீருக்கென்று கணக்கப்பிள்ளை கந்தப்பன் வழக்கத்தைவிடக் கூடுதலாக எடையைக் கழித்தார். வேலாயி கூடையை இறக்காமல் நின்றுகொண்டு, "கொழுந்து மட்டுமா நனைஞ்சிச்சு, நானுந்தான் நனைஞ்சேன். என்னையும் தராசுல ஏத்தி வெட்டிக்கிங்கய்யா" என்றாள். வரிசையில் நின்றவர்கள் கொல்லென்று சிரித்தார்கள். கந்தப்பனே சிரித்துவிட்டு அன்றைக்குக் கழிக்காமல் விட்டார். ஒரு மாசம் வரைக்கும் தோட்டம் முழுக்க அதே பேச்சு.

சுதர்ஷினி அதை அப்படியே சஞ்சயனுக்கு எழுதினாள். இதை மட்டும் மாற்றாதீங்க அண்ணே, என் அம்மா சொன்னது என்று கெஞ்சினாள். பக்கத்தையும் வரைந்தாள். தராசு, மழை, வரிசை, நடுவில், சேலை நனையாமலிருக்க இடுப்பில் படங்குச் சாக்கு கட்டிய வேலாயி. அந்த முகத்துக்கு அவள் பட்ட பாடு கொஞ்சமல்ல. இடது கன்னத்து மரு, பாதி எழும்பிய புருவம், சிரிப்பை உள்ளே அடக்கிய வாய், எல்லாம் வந்துவிட்டன. ஆனால் பழகின கையாயிற்றே, சுற்றிலும் ஒரு விரல் வைக்க இடம் விடவில்லை.

பக்கம் இணையத்தில் வந்த ஞாயிற்றுக்கிழமை வேலாயி, கம்ப்யூட்டரில் நான் வந்துவிட்டேன் என்று லயம் பூராவும் சொல்லிவிட்டு, நல்ல சேலையைக் கட்டிக்கொண்டு பஸ் ஏறிக் கடைக்கு வந்தாள். நல்லமுத்து நாற்காலி போட்டுக் கொடுத்தார். சுதர்ஷினி பெருமையோடு பக்கத்தைத் திறந்தாள். படம் மேலிருந்து கொஞ்சம் கொஞ்சமாக இறங்கியது. மலை வந்தது, மழை வந்தது, தராசு வந்தது. வேலாயியின் கழுத்துக்கு மேலே ஒரு பெரிய வெள்ளைப் பலூன் இருந்தது.

வேலாயி கிட்டப் போய்ப் பார்த்தாள். "இது நான்தானே? மொகம் எங்கடி?"

சுதர்ஷினி பலூனுக்குக் கீழே முகம் தெரியுமா என்று படத்தை மேலும் கீழும் நகர்த்தினாள்.

"அதுல என்னா எழுதியிருக்கு, படி."

பொய் சொல்லியிருக்கலாம். தாய்க்கு எழுத்து தெரியாது. ஆனால் பக்கத்தில் நல்லமுத்து நின்றார், அவருக்குத் தெரியும். படித்தாள். "ஐயா, எங்கட வேர்வையைக் களவெடுக்கிறியளே, உங்களுக்கு இரக்கமில்லையோ?"

வேலாயி திரையில் தன் இடுப்புப் பக்கம் விரலை வைத்தாள். பிறகு, "படங்கு மட்டுந்தான் என்னுது" என்றாள்.

அழுகையும் ஆத்திரமும் முட்ட, சுதர்ஷினி மேசை லாச்சியை இழுத்துத் தாளில் வரைந்த மூலப் படத்தை எடுத்துக் கொடுத்தாள். அதில் பலூன் இல்லை, முகம் இருந்தது. அந்த லண்டன்காரன்தான் கெடுத்தான், நான் ஒழுங்காகத்தான் வரைந்தேன் என்று பொரிந்து தள்ளினாள். வேலாயி தாளை வெளிச்சத்தில் பிடித்து, மருவைத் தொட்டுப் பார்த்துச் சிரித்தாள். "சரி, நான்தான். நான் சொன்னத இதுல எழுது. லயத்துல காட்டணும்."

சுதர்ஷினி பேனாவை எடுத்தாள். எங்கே எழுதுவது? மேலே மழை, கீழே செடி, பக்கத்தில் இலை, இலைக்குள் இலை. தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"இம்புட்டு எல வரைஞ்சிருக்க" என்றாள் வேலாயி. "நான் பேசக் கொஞ்சம் எடம் விட்டிருக்கக் கூடாதா?"

மையில் வரைந்தது அழியாது என்று தெரிந்தும் சுதர்ஷினி மேசையில் றப்பரைத் தேடினாள்.