சிவபாதம் அண்ணையின் திடீர் விரதம்

போன ஞாயிறு, இங்கே கனடாவில், மிசிசாகாவில் ஒரு குருத்துவாராவுக்குப் போயிருந்தேன். சீக்கியர்களின் கோயில். எங்கள் தொழிற்சாலை போர்மன் கர்னைல் சிங்கின் அழைப்பு. கூட வேலை செய்யும் சிவபாதம் அண்ணையும் ராசனும் வந்தார்கள். கார் ராசனுடையது. வழியில் அவன் வாங்கிக் கொடுத்த இரண்டு டோனட்டையும் அண்ணை ரசித்துச் சாப்பிட்டார்.

இருவரும் ஒரே ஊர். ஆனால் ராசனின் ஆட்கள் வீட்டில் அண்ணையின் ஆட்கள் தண்ணீர்கூடக் குடிக்க மாட்டார்கள். சாதி... வேறென்ன? எண்பத்துமூன்று கலவரம் அதை மாற்றியது. கொழும்பு அகதி முகாமில் அண்ணை காய்ச்சலில் கிடக்க, ராசன்தான் வரிசையில் நின்று சோறு வாங்கி வந்தானாம். இருந்தது ஒரே தட்டு. இருவரும் அதிலேயே சாப்பிட்டதை அண்ணை கண் கலங்கச் சொல்லியிருக்கிறார்.

குருத்துவாராவில் எல்லோருக்கும் தரையில் ஒரே பந்தி. குரு நானக் தொடங்கிய வழக்கமாம். மூன்றாவது குரு காலத்தில் இன்னும் கண்டிப்பு — அவரைப் பார்க்க வந்தவர் அரசனே ஆனாலும் முதலில் பந்தியில் இருந்து சாப்பிட வேண்டும். பிறகுதான் பேச்சு! நம் பக்கத்தில் ஆள் யாரென்று விசாரித்த பிறகல்லவா பந்தி?

ராசன் பக்கத்து இடத்தைத் தட்டிக் காட்டினான். "அண்ணை, இதில இருங்கோ."

உட்காரக் குனிந்த அண்ணை நிமிர்ந்துவிட்டார். எதிர் வரிசையில் விட்பி நகரிலிருந்து வந்திருந்த, அண்ணையின் ஆட்களான ஊர்க் குடும்பம் ஒன்று... இவரையே பார்த்துக்கொண்டிருந்தது.

"எனக்கு இண்டைக்கு விரதம், தம்பி."

டோனட் வாங்கிக் கொடுத்தவனிடமே! எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. சிங் வந்து, "நண்பர் ஏன் சாப்பிடவில்லை?" என்று கேட்டபோது, "அவருக்கு விரதம்" என்று ராசனே சொன்னான். பாவி... அப்போதும் அண்ணையை விட்டுக்கொடுக்கவில்லை.

எரிகிற வீட்டை அப்படியே போட்டுவிட்டு ஓடிவந்தவர்கள் நாங்கள். இதை மட்டும் எப்படி ஐயா மறக்காமல் எடுத்துவந்தோம்?

திரும்பி வந்து வீட்டு வாசலில் இறக்கிவிட்டபோது, அண்ணை கார்க் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார். "ராசன், குறை நினையாதை. அந்த விட்பி ஆக்களின்ர பெடியனுக்குத்தான் மகளைக் கலியாணம் பேசுறம்... உள்ளுக்கு வா, சேர்ந்து இருந்து சாப்பிடுவம்."

"வேண்டாம் அண்ணை. அண்டைக்கு முகாமில உங்களுக்குப் பசி. நான்தான் அதைச் சிநேகிதம் எண்டு நினைச்சிட்டன்."